ஹிக்கரி மரத்துக்கு வைத்த உப்பு

நான் வேலை செய்த மரப் பராமரிப்புக் கம்பனியில் இப்போது வாடிப்போன மரத்தைப் பார்க்க யாரும் உடனே புறப்பட்டுப் போவதில்லை. வீட்டுக்காரர் கைபேசியில் படம் எடுத்து அனுப்புகிறார். அலுவலகத்தில் இருக்கும் பிள்ளை அதைக் கணினியில் போட, கணினி பூச்சியின் பெயரைச் சொல்கிறது. பெரும்பாலும் சரியாகத்தான் சொல்கிறது. நான் குறை சொல்ல வரவில்லை. எனக்குக் கண்ணாடி போட்டும் பார்வை மங்கல், கணினிக்கு அந்தக் கரைச்சல் இல்லை.

போன மாதம் அந்தப் பிள்ளைகள் என்னை மதியச் சாப்பாட்டுக்குக் கூப்பிட்டிருந்தார்கள். ஓய்வு பெற்றவளை மறக்காமல் கூப்பிடுகிறார்களே என்று சேலை உடுத்திக்கொண்டு போனேன். சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது ஒருத்தி கேட்டாள். "மதாம் சகு, நீங்கள் எந்த மரத்தைப் பார்க்கப் போனாலும், மரத்தைத் தொட முன்னம் வீட்டுக்காரரிட்ட 'இதுக்கு என்ன போட்டீர்கள்' என்றுதான் கேட்பீர்களாம். ஏன் அப்படி?"

"அடுத்த வீட்டுச் சமையலில் எப்போதும் எனக்கு ஒரு கண்," என்று சொல்லிச் சிரித்துச் சமாளித்துவிட்டேன். மெட்ரோவில் வீடு திரும்பும்போது மனம் கேட்கவில்லை. நல்ல கேள்வி, அதற்குப் பகிடி பதிலாகாது. அதனால் இதை எழுதுகிறேன்.

என் முழுப் பெயர் சகுந்தலா. மொன்றியலுக்கு வந்த புதிதில் தையல் தொழிற்சாலையில் காற்சட்டைப் பை தைத்தேன். தொழிற்சாலையை மூடினார்கள். வேலை தேடிக் கொடுக்கும் அலுவலகத்தில் ஒரு பெண், "சேற்றில் நிற்பதில் உங்களுக்கு ஆட்சேபம் உண்டா?" என்று கேட்டாள். தோட்டக்காணியில் வளர்ந்தவளிடம் கேட்கிற கேள்வியா அது. அடுத்த கிழமையே தீவின் கிழக்கு முனையில், துறைமுகத்துக்கு அப்பால், கொள்கலன் லொறிகள் ஓயாமல் போய்வரும் வீதியின் முடிவில் இருந்த மரக்கன்றுப் பண்ணையில் நின்றேன்.

அங்கே மேற்பார்வையாளராக இருந்தவர் றெஜான். முதல் நாட்களில் அவர் தூரத்தில் நின்று "காரியே, காரியே" என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார். கெட்டிக்காரியே என்கிறாரா, சண்டைக்காரியே என்கிறாரா, யாரோ இவருக்குத் தமிழ் சொல்லிக் கொடுத்துவிட்டார்களா என்று யோசித்து, எதற்கும் இருக்கட்டும் என்று திரும்பிப் பார்த்தேன். பிரெஞ்சில் ஹிக்கரி மரத்துக்குப் பெயர் அதுதான் என்பது பிறகுதான் தெரிந்தது. அந்த வரிசைக்கு என்னைத் தண்ணீர் விடச் சொல்லியிருக்கிறார். அன்று தொடங்கி எனக்கும் அந்த மரத்துக்கும் ஒரு ஒட்டு.

ஹிக்கரியை வளர்ப்பது பொறுமைசாலிகளின் வேலை. இலையுதிர் காலத்தில் கொட்டைகளைப் பொறுக்கித் தண்ணீரில் போடுவோம். மிதப்பதை வீசிவிடுவோம், உள்ளே வண்டின் புழு இருக்கும். தாழ்வதை ஈர மணலில் புதைத்துக் குளிரில் வைப்போம். குளிர்காலம் முழுவதும் உறங்கினால்தான் அது முளைக்கும். முளைத்தாலும் மேலே ஒரு சாண்தான் நிற்கும், கீழே ஆணிவேர் என் கையளவு போயிருக்கும். அந்த வேரை வளைய விட்டாலோ வெட்டினாலோ மரம் வருடக்கணக்கில் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு நிற்கும். அதனால் நிற்கப்போகிற இடத்திலேயே கொட்டையை ஊன்றி, அணில் தோண்டாமல் கம்பிவலை போட்டு மூடிவிடுவதுதான் நல்லது. நட்டவர் நிழல் காண்பது அருமை.

றெஜானைப் பற்றிச் சொல்ல வேண்டும். உயரமான மனிதர், அவசரம் என்பதே கிடையாது. ஒரு மரத்தை வெட்டிய கத்தியை மதுசாரத்தில் துடைக்காமல் அடுத்த மரத்தில் வைக்க மாட்டார். நோய்ப்பட்ட மரத்தடியில் நின்றால் சப்பாத்தின் அடியையும் கழுவுவார். வீட்டுக்காரர் எவ்வளவு நெருக்கினாலும் முதல் தடவையில் "பார்ப்போம்" என்பதற்கு மேல் வாய் திறக்க மாட்டார். மரம் பிழைக்காது என்று முடிவானால், அதை மரத்தடியில் நின்று சொல்லக் கூடாது என்பது அவருடைய சட்டம். "அங்கே நின்று சொன்னால் அவர்கள் மரத்தைத்தான் பார்ப்பார்கள், நாங்கள் சொல்வது காதில் விழாது. குசினிக்குக் கூட்டிப் போ. கதிரையில் இருத்து. நீயும் இரு. பிறகு சொல்," என்பார். தொடக்கத்தில் இதென்ன நாடகம் என்று நினைத்தேன். இரண்டு மூன்று குசினிகளில் இருந்து பார்த்த பிறகு அப்படி நினைக்கவில்லை.

அவர் சொந்தமாகக் கம்பனி தொடங்கியபோது என்னையும் கூட்டிப் போனார். அவர் மரத்தில் ஏறுவார், நான் கீழே நின்று இலையையும் பட்டையையும் மண்ணையும் பார்ப்பேன். பிறகு 'ஆஷ்' என்கிற சாம்பல் மரங்களை அரிக்கும் பச்சை வண்டு தீவுக்குள் வந்தது. தெருத்தெருவாகச் சாம்பல் மரங்கள் விழுந்தன. காப்பாற்றக்கூடியவற்றுக்கு அடிமரத்தில் துளை போட்டு மருந்து ஏற்றினோம். நம் சனங்கள் என்னை 'ஊசி அக்கா' ஆக்கிவிட்டார்கள். கோவிலில் சாமி கும்பிட நின்றாலும், "அக்கா, எங்கட வீட்டு மரத்தை ஒருக்கா வந்து பாருங்கோவன்" என்று காதுக்குள் கேட்கும். சாம்பல் மரம் போன இடத்தில் வேறு என்ன வைக்கலாம் என்று கேட்டு வந்தவர்களுக்கு றெஜான் ஹிக்கரியைச் சொல்வார். ஒரே இனத்தை வரிசையாக நட்டுவைத்து ஒரே பூச்சிக்குப் பறிகொடுத்த ஊருக்குப் புத்தி வர வேண்டாமா என்பது அவர் வாதம்.

ஒருமுறை வில்லரேயில் ஒரு கார்டெரியிலிருந்து, சிறுபிள்ளைகளைப் பகலில் பார்த்துக்கொள்ளும் இடத்திலிருந்து, பதறிப்போய் அழைத்தார்கள். முற்றத்து ஹிக்கரியில் வெள்ளை மயிர்க்கொட்டிகள் மொய்த்துக் கிடந்தன. பிள்ளைகள் ஆசையாகத் தூக்கிக் கைகளில் விட்டு விளையாடி, எல்லோருக்கும் தோல் தடித்துப் போயிருந்தது. நடத்துகிற அம்மா மருந்து அடிக்கச் சொல்லி நின்றார். றெஜான் மறுத்துவிட்டார். கோடை முடிகிற நேரம், இலைகள் தங்கள் வேலையை முடித்துவிட்டன, இந்தப் புழுவால் மரம் சாகாது, மருந்தால் பிள்ளைகளுக்குத்தான் கேடு என்றார். கையுறை போட்டு ஒவ்வொன்றாகப் பிடுங்கிச் சவர்க்காரத் தண்ணீர் வாளிக்குள் போட்டோம். வாளியை எட்டிப் பார்த்த ஒரு குஞ்சு என்னிடம், "இதுகள் நீந்துதா?" என்று கேட்டது. ஓம், நீந்தப் பழகுதுகள் என்றேன்.

ஹிக்கரியைக் கொல்வது அப்படிக் கண்ணுக்குத் தெரிகிற புழு அல்ல. பட்டை வண்டு. அரிசியை விடச் சிறியது. சுகமாக நிற்கும் மரத்தை அது தொடத் துணியாது. வறட்சியிலோ வேறு எதிலோ மரம் களைத்துப் போனால் எப்படியோ அதற்குத் தெரிந்துவிடும். கோடையில் வந்து இலைக்காம்பைக் கடிக்கும். பிறகு பட்டைக்குள் இறங்கி ஒரு நேர்க்கோடு கிழித்து இரண்டு பக்கமும் முட்டையிடும். புழுக்கள் அங்கிருந்து பக்கம் பக்கமாக அரித்துப் போகும். பட்டையை உரித்துப் பார்த்தால் மரவட்டை ஒன்று படுத்திருந்த தடம் போலத் தெரியும். தடங்கள் மரத்தைச் சுற்றிவர மூடிவிட்டால் மேலே தண்ணீர் ஏறாது. அப்படிப்பட்ட மரத்துக்கு ஊசியும் இல்லை, மருந்தும் இல்லை. செய்யக்கூடியது ஒன்றுதான். குளிர்காலம் முடிந்து சூடு பிறக்க முன்னம் மரத்தைத் தறித்துப் பட்டையோடு அரைத்தோ எரித்தோ விட வேண்டும். விட்டால் சூடு பிறந்ததும் வண்டுகள் வெளியே வந்து பக்கத்து ஹிக்கரிக்குப் போகும்.

இனித்தான் நான் சொல்ல வந்தது.

ஒரு கோடை முடிவில் எனக்குத் தொலைபேசி வந்தது. "ஊசி அக்காவோ கதைக்கிறது?" என்று கேட்ட குரலுக்கு என்னைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது கூட இருக்கும். பரமசிவம் அண்ணை. பளைப் பக்கத்தில் தென்னங்காணி வைத்திருந்தவர். இங்கே வந்து துறைமுகத்துப் பண்டகசாலையில் பெட்டி தூக்கி ஓய்வு பெற்றவர். நோத்ர-டாம்-த-கிரேஸில் ஒரு வீட்டின் கீழ்த்தளம் அவருடையது. ஒரே மகன் குடும்பத்தோடு மேற்கே கல்கரியில். பின்வளவில் வீட்டை விட வயதான ஹிக்கரி மரம் ஒன்று நின்றது.

அந்த மரம் எதற்காக அவ்வளவு முக்கியம் என்பது வீட்டுக்குள் போனதும் விளங்கியது. அவருடைய மனைவி ராசமக்கா பின் அறையில், சன்னலோடு போட்ட கட்டிலில் படுத்திருந்தார். புற்றுநோய். இனி ஆஸ்பத்திரி வேண்டாம், வீட்டிலேயே கிடக்கிறேன் என்று சொல்லிவிட்டாராம். தாதி வீட்டுக்கு வந்து போனாள். ராசமக்காவுக்குப் பிரெஞ்சும் இல்லை, ஆங்கிலமும் இல்லை, தொலைக்காட்சியும் பிடிக்காது. காலையிலிருந்து இருட்டும் வரை அந்த மரத்தைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

"மரத்துக்குச் சுகமில்லை, எனக்கும் சுகமில்லை," என்று என்னைப் பார்த்துச் சிரித்தார். "அடுத்த முறை அது இலை விடேக்கை நானும் எழும்பி நடப்பன். அதை ஒருக்கா வடிவாப் பார், பிள்ளை."

அண்ணையோடு றெஜானும் நானும் வளவுக்குப் போனோம். உச்சியில் இலை மஞ்சளாகி, பாதிக் கொப்புகள் மொட்டையாகி இருந்தன. முந்தின வருடம் பெரிய வறட்சி, அதனால் அது எனக்கு ஆச்சரியமாக இல்லை. ஆனால் கீழ்க்கொப்பு இலைகளின் ஓரம் தணலில் காட்டியதுபோலக் கருகியிருந்தது. அது வறட்சி மட்டும் செய்கிற வேலை அல்ல. குனிந்து மண்ணைப் பார்த்தேன். அடிமரத்தைச் சுற்றி அழகாக வட்டம் வெட்டிப் பாத்தி கட்டியிருந்தது. பாத்தி மண் வெள்ளையாகப் பூத்திருந்தது. விரலால் தொட்டு நாக்கில் வைத்தேன். றெஜான் என்னைப் பைத்தியக்காரியைப் பார்ப்பதுபோலப் பார்த்தார்.

"அண்ணை, இதுக்கு என்ன போட்டனீங்கள்?"

"உப்பு," என்றார். சொல்லும்போது அவர் முகத்தில் இருந்த பெருமையை இன்றைக்கும் என்னால் மறக்க முடியவில்லை. "போன வருசம் காய்ஞ்சு போச்செல்லே. தென்னைக்கு வைக்கிற மாதிரி உப்பு வையுங்கோவன் எண்டு இவதான் சொன்னவ. பனி விட்ட உடனை ஒருக்கா வைச்சனான். ஆனியிலையும் வைச்சனான்."

"என்ன உப்பு?"

"கல் உப்புத்தான், சமையலுக்கு எடுக்கிறது. வாசலிலை பனிக்குக் கொட்டுற உப்பு மரத்துக்குக் கூடாதெண்டு எனக்குத் தெரியாதே? அது நஞ்சு. இது தமிழ்க் கடையிலை மூட்டையா வாங்கின நல்ல உப்பு."

எங்கள் ஊரில் தென்னம்பிள்ளை நடும்போது குழிக்குள் பொச்சுமட்டையும் உப்பும் போடுவார்கள். காய்ப்புக் குறைந்த மரத்துக்கும் வேரடியில் உப்பு வைப்பார்கள். கடற்காற்றில் வளர்ந்த தென்னை அதைத் தாங்கும், அதற்கு அது வேண்டும். ஹிக்கரி வேறு சாதி. தென்னையை அறியாத எவருக்கும் இந்த யோசனையே வந்திருக்காது. உலகத்தில் நாங்கள் மட்டும் விடக்கூடிய பிழை அது.

றெஜான் உளியால் பட்டையில் ஒரு துண்டு எடுத்தார். தடம் இருந்தது. மறுபக்கமும் எடுத்தார். அங்கேயும் இருந்தது. அவர் வழக்கமாகச் சொல்லும் "பார்ப்போம்" கூட வரவில்லை. உளியைத் துடைத்தார், சப்பாத்தைக் கழுவினார். லொறிக்கு அருகே போனதும் உப்பு விஷயத்தை அவருக்குப் பிரெஞ்சில் சொன்னேன். "உங்கள் ஊரில் மரம் உப்புச் சாப்பிடுமா?" என்று மட்டும் கேட்டார். ஒரு மரம் சாப்பிடும் என்றேன். "அப்படியென்றால் நீதான் சொல்ல வேண்டும். என் பிரெஞ்சில் இதைச் சொல்ல வழியில்லை," என்றார்.

குசினியில் இருந்தோம். அண்ணை எனக்குத் தேத்தண்ணி ஊற்றி வைத்தார். வண்டைச் சொன்னேன். மரம் தப்பாது என்றேன். தறிக்க வேண்டும் என்றேன். பிறகு உப்பையும் சொன்னேன். மறைத்திருக்கலாமே என்று கேட்பீர்கள். முன்வாசலில் இரண்டு இளம் மேப்பிள்கள் நின்றன, அவற்றுக்கும் வைக்க மூலையில் இன்னொரு மூட்டை இருந்தது. மறைக்க எனக்கு இடம் இருக்கவில்லை.

அவர் தன் கைகளைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"வைக்காட்டித் தப்பியிருக்குமே?"

"தப்பியிருக்கலாம் அண்ணை. தப்பாமலும் போயிருக்கலாம். வறட்சிதான் முதல். உப்பு அதுக்கு மேலை."

"அவவுக்குச் சொல்லிப்போடாதேங்கோ," என்றார். "தான் சொல்லித்தான் மரம் செத்தது எண்டு தெரிஞ்சா அவ அண்டைக்கே போயிடுவா. மரம் இலை விடும், தான் எழும்புவன் எண்டு கிடக்கிறா."

பக்கத்து வளவில் இரண்டு ஹிக்கரிகள் நின்றன, எந்தக் கேடும் இல்லாத மரங்கள். அதனால் இந்த மரத்தை விட்டுவைக்கவே முடியாது. அதேநேரம் குளிர்காலத்தில் எல்லா மரமும் மொட்டைதான். உயிருள்ளதையும் செத்ததையும் கட்டிலில் கிடப்பவரால் பிரிக்க முடியாது என்று நாங்கள் மூவரும் நினைத்தோம். றெஜான் நகரசபை அனுமதியை எடுத்து வைத்துக்கொண்டு, பனிக்காலம் முழுவதும் பொறுக்கச் சம்மதித்தார். "வசந்தத்தில் லைலாக் செடி இலை விரிக்க முன்னம் தறித்தாக வேண்டும். அதற்கு மேல் ஒரு நாளும் தர என்னால் முடியாது," என்றார்.

தண்ணீர் நிறைய விட்டால் உப்பு மண்ணிலிருந்து கழுவுப்படும் என்று நான் ஒரு பேச்சுக்குச் சொல்லியிருந்தேன். அண்ணை அதைப் பிடித்துக்கொண்டார். நிலம் உறையும் வரை தினமும் குழாயைப் போட்டு அந்தப் பாத்தியைக் கழுவினார். மரம் போய்விட்டது, இனிக் கழுவி என்ன என்று எனக்கும் தெரியும், அவருக்கும் தெரியும். நான் நிறுத்தச் சொல்லவில்லை.

அந்தக் குளிர்காலத்தில் ஞாயிற்றுக்கிழமைகளில் நான் அங்கே போய் வந்தேன். பிட்டோ இடியப்பமோ கொண்டு போவேன். ராசமக்கா ஒரு வாய் சாப்பிடுவார், பிறகு மரத்தைப் பார்ப்பார். ஒருநாள் வாசலில் பனி வழித்துக்கொண்டிருந்த அண்ணை சவளை நிலத்தில் ஊன்றி நிறுத்திவிட்டு, என்னைப் பார்க்காமலே சொன்னார்.

"தங்கச்சி, நான் ஒவ்வொரு நாளும் என்னெண்டு கும்பிடுறன் தெரியுமே? லைலாக் இலை விட முந்தி அவ போகட்டும் எண்டு. அந்த மரம் நிக்கேக்கையே போகட்டும் எண்டு. கட்டின மனிசிக்கு இப்பிடி ஒருத்தன் நேர்த்தி வைப்பானே?"

அவர் கையிலிருந்து சவளை வாங்கி மிச்சப் பனியை வழித்தேன். அழுதுகொண்டுதான் வழித்தேன். அந்தக் குளிரில் மூக்கு ஒழுகுவது யாருக்கும் வித்தியாசமாகத் தெரியாது.

பனி உருகத் தொடங்கிய ஒருநாள் அண்ணை மருந்துக் கடைக்குப் போயிருந்தார். நான் கட்டிலடியில் இருந்தேன். ராசமக்கா என் கையைப் பிடித்தார். அவருடைய கையில் எலும்பு மட்டும்தான் இருந்தது.

"மரம் செத்துப்போச்சு, என்ன?"

நான் சன்னலைப் பார்த்தேன்.

"இந்த மரத்திண்டை மொட்டு பனிக்குள்ளை மஞ்சளா நிக்கும், பிள்ளை. அரைச்ச மஞ்சள் பூசின மாதிரி. எத்தினை வருசம் பாத்திட்டன். இந்த முறை கறுத்துப்போய்க் கிடக்கு."

குளிர்காலத்தில் அந்த வகை ஹிக்கரியை நாங்கள் அடையாளம் காண்பதே அந்த மஞ்சள் மொட்டை வைத்துத்தான். மரத் தொழிலிலே இருந்த றெஜானுக்கும் எனக்கும், இவர் அதைக் கவனித்திருப்பார் என்ற எண்ணம் வரவில்லை.

"உப்பு வையுங்கோ எண்டு நான்தானே சொன்னனான். அது கூடாமப் போச்சு. அவர் நாள் முழுக்கக் குழாயைப் போட்டு நிலத்தைக் கழுவேக்கையே எனக்கு விளங்கீட்டுது."

"அக்கா..."

"அவருக்குச் சொல்லாதை. நான் இருக்குமட்டும் சொல்லாதை. எனக்குத் தெரியுமெண்டு தெரிஞ்சா அந்த மனிசன் என்ரை முகத்தைப் பாக்காது. இப்ப வந்து பக்கத்திலை இருந்து, இந்தா மொட்டு வந்திட்டுது, இந்தா இலை வரப்போகுது எண்டு பொய் சொல்லுது. கேட்டுக்கொண்டு கிடக்க எனக்கு நல்லா இருக்கு."

"பிறகு?"

"பிறகு உன்ரை விருப்பம்," என்றார். அப்போது வாசல் கதவு திறந்தது. கையை எடுத்துக்கொண்டார்.

லைலாக் மொட்டு வெடிக்கிற வரை அவர் போகவில்லை. றெஜான் நாள் குறித்தார். முதல் நாளே அண்ணை கட்டிலை முன் அறைக்கு மாற்றினார். பின் அறைக்குப் பெயின்ற் அடிக்கப் போகிறேன் என்று மனைவிக்குச் சொன்னார். அக்கா ஏன் என்று ஒரு வார்த்தை கேட்கவில்லை. அடித்து முடிய இங்கேயே கிடக்கிறேன், இங்கே சூடு நல்லது என்றாராம்.

காலையில் நாங்கள் கயிறு, வாள் எல்லாம் இறக்கினோம். வேலையைத் தொடங்க முன்னம் நான் முன் அறைக்குப் போனேன். அண்ணை கட்டிலடியில் கதிரை போட்டு இருந்தார். றேடியோவில் பக்திப் பாட்டுப் போய்க்கொண்டிருந்தது. பின்வளவில் வாள் உறுமியபோது அவருடைய தோள் ஒருமுறை குலுங்கியது. ராசமக்கா அதைப் பார்த்துவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டு, "பாட்டைக் கொஞ்சம் கூட்டி விடுங்கோ, கேக்குதில்லை," என்றார். கூட்டினார். "இன்னும் கூட்டுங்கோ," என்றார். கூட்டினார். அந்த அறையில் நின்று ஒருவரோடொருவர் பேச முடியாத அளவுக்குப் பாட்டு நிறைந்துவிட்டது. நான் வெளியே வந்தேன்.

உச்சியிலிருந்து துண்டு துண்டாகக் கயிற்றில் இறக்கினோம். ஒரு சுள்ளியும் விடாமல் பொறுக்கினோம். லொறிக்குத் தார்ப்பாய் போட்டு இறுக்கினோம். எல்லாம் முடிந்தபோது அண்ணை பின்கதவடியில் வந்து நின்று, ஒரு சின்னத் துண்டு வைத்திருக்கலாமா என்று கேட்டார். நான் றெஜானிடம் சொன்னேன். பட்டைக்குள் வெள்ளைப் புழுக்கள் இருந்தன, ஒரு துண்டுகூட வளவில் நிற்கக் கூடாது. றெஜான் இல்லை என்று தலையாட்டினார். ஆட்டிவிட்டுத் திரும்பி நின்று கத்தியைத் துடைத்தார். ஏற்கெனவே துடைத்த கத்தி அது.

லைலாக் பூத்து முடிகிற நேரத்தில் ராசமக்கா போனார். பக்கத்து வளவு ஹிக்கரிகளை அந்தக் கோடையில் பலமுறை போய்ப் பார்த்தேன். ஒரு துளைகூட இல்லை. தொழில் முறையில் பார்த்தால் நாங்கள் செய்தது சரி.

முப்பத்தோராம் நாள் சடங்கு முடிந்து சில நாட்களுக்குப் பிறகு அண்ணையிடம் போனேன். மகன் திரும்பிப் போயிருந்தான். கட்டில் இன்னமும் முன் அறையில்தான் கிடந்தது. அதே குசினியில் இருந்தோம். இந்த முறை தேத்தண்ணியை நான் ஊற்றினேன்.

"நல்ல காலம், அவவுக்குத் தெரியாமல் போயிட்டுது," என்றார். "தெரிஞ்சிருந்தால் ஏசியிருப்பா. ஒருக்கா ஏசியிருந்தாலும் பறவாயில்லைப் போலயும் கிடக்கு. கடைசி எட்டொன்பது மாசம் அவவோடை நான் கதைச்சதெல்லாம் பொய், தங்கச்சி."

சொல்வதா விடுவதா என்று நான் வரும் வழியெல்லாம் யோசித்துக்கொண்டுதான் வந்தேன். அந்தப் பேச்சைக் கேட்டபிறகு என்னால் விழுங்க முடியவில்லை.

"அவவுக்குத் தெரியும் அண்ணை. மரமும் தெரியும், உப்பும் தெரியும். மொட்டைப் பாத்துக் கண்டுபிடிச்சவ. நீங்கள் சொன்ன பொய்யைக் கேட்டுக்கொண்டு கிடக்க நல்லா இருக்கெண்டு என்னட்டைச் சொன்னவ."

அவர் அழுவார் என்று நினைத்தேன். அழவில்லை. எழும்பி முன் அறை வாசல் வரை போய், வெறும் கட்டிலைப் பார்த்துக்கொண்டு நின்றார்.

"அப்ப ஏன் அண்டைக்குப் பாட்டைக் கூட்டச் சொன்னவ?"

அவரே கண்டுபிடிக்கட்டும் என்று இருந்தேன்.

"அவவுக்குச் சத்தம் ஒத்து வராது, தங்கச்சி," என்றார். "கலியாணம் முடிச்ச நாள் துடக்கம் எனக்கு அந்தப் பேச்சுத்தான். றேடியோவைக் குறையுங்கோ, தலையிடிக்குது. றேடியோவைக் குறையுங்கோ."